ஆறு பட்டன், அறுபது ஃபிரேம்: பழைய சண்டை கேம் வீட்டில் ஏன் மாறி ஓடுகிறது?

அலுமாரிக்கு மேலே கிடந்த பழைய பிளேஸ்டேஷனைத் துடைத்து, புது எல்ஈடி டிவியில் கொழுவினால் டெக்கன் 3 ஓடும். ஆனால் பட்டனை அமத்துவதற்கும் அடி விழுவதற்கும் நடுவில் ஏதோ ஓர் இழுவை. அதே கேமை லெப்டொப்பில் எமுலேட்டர் (பழைய மெஷினைப் போல நடிக்கும் மென்பொருள்) மூலம் போட்டால் படம் கண்ணாடி மாதிரித் தெரியும், கை பழகிய அடிவரிசை மட்டும் விழாது. ‘கொன்ட்ரோலர் போயிட்டுது’ என்று புதிது வாங்குவார்கள். அதிலும் அதே கதைதான்.

இங்கே ஒன்றாகச் சேர்த்துக் குழப்பப்படுவது மூன்று வெவ்வேறு கோளாறுகள்.

1. வெட்டு: ஆர்கேட் பெட்டியில் (கடைகளில் காசு போட்டு விளையாடும் பெரிய மெஷின்) இருந்தது வீட்டுக் கொன்சோலுக்கு வரும்போது வெட்டப்பட்டிருப்பது. ஆள் குறைவு, அசைவு குறைவு, பட்டன் குறைவு.
2. வேகம்: கேம் முழுவதும் மெதுவாக, அல்லது சற்று வேகமாக ஓடுவது.
3. பிந்தல்: கேம் சரியான வேகத்தில் ஓடியும், கை செய்தது திரையில் பிந்தித் தெரிவது.

இரண்டாவதையும் மூன்றாவதையும் பிரித்தறிய மட்டக்களப்பாருக்குக் கூத்துக் களரியே போதும். அண்ணாவியார் மத்தளத்தை மெதுவாகத் தட்டினால் ஆட்டக்காரரும் மெதுவாக மிதிப்பார். ஆட்டம் சோர்ந்து தெரியும், ஆனால் பிழைக்காது. தாளம் சரியான வேகத்தில் இருந்தும் அது ஆட்டக்காரரின் காதில் அரைத்தட்டுப் பிந்தி விழுந்தால் ஒரு மிதியும் பொருந்தாது. மெதுவான மத்தளம் வேகக் கோளாறு, பிந்தி விழும் தாளம் பிந்தல். ஒன்றுக்கான மருந்து மற்றதற்குப் பலிக்காது.

ஃபிரேம்: இந்தக் கேம்களின் கடிகாரம்

அக்காலச் சண்டை கேம்கள் நேரத்தைச் செக்கனில் எண்ணுவதில்லை, ஃபிரேமில் எண்ணுகின்றன. திரை ஒரு முறை முழுதாக வரையப்படுவது ஒரு ஃபிரேம். செக்கனுக்கு ஏறக்குறைய 60 ஃபிரேம் என்றால் ஒன்றின் நீளம் 16.7 மில்லி செக்கன். ‘இந்தக் குத்து எழும்ப 4 ஃபிரேம், அடி தங்குவது 3 ஃபிரேம், கை திரும்ப 8 ஃபிரேம்’ என்ற மாதிரித்தான் ஒவ்வொரு அசைவும் எழுதப்பட்டிருக்கும்.

வேகமான இலேசான குத்து எழும்ப மூன்று நான்கு ஃபிரேம் போதும், அதாவது 50 முதல் 67 மில்லி செக்கன். டிவி ஒன்று தன் பங்குக்கு 60 மில்லி செக்கன் தாமதம் சேர்த்தால், எதிராளியின் குத்து எழும்புவது உங்கள் கண்ணுக்குத் தெரியும்போது அடி கிட்டத்தட்ட விழுந்து முடிந்திருக்கும். படம் எவ்வளவு துல்லியமாக இருந்தும் இதில் பயனில்லை.

வெட்டு: எது எங்கே போனது

கேப்கொம் 1991இல் வெளியிட்ட ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2, சீபீஎஸ்-1 என்ற ஆர்கேட் போட்டில் (மின்சுற்றுப் பலகையில்) ஓடியது. அகலம் 384 புள்ளி, உயரம் 224. படங்களுக்கான சிப்புகளில் மட்டும் 6 மெகாபைட் இருந்தது. 1992இல் சூப்பர் நின்டெண்டோவுக்கு வந்த கசெட்டில் எல்லாம் சேர்த்தே 16 மெகாபிட், அதாவது 2 மெகாபைட். திரை அகலமும் 256 புள்ளிதான். ஆட்களைச் சிறிதாக்கித் திரும்ப வரையாமல், அசைவுகளையும் குரல்களையும் குறைக்காமல் அதற்குள் அடக்கவே முடியாது. அந்த மட்டுக்குள் கேப்கொம் செய்தது நல்ல வேலைதான்.

பட்டன் கதை வேறு. ஆர்கேட் கேபினட்டுகளின் பொது இணைப்பான ஜாமாவில் வழமையாக ஒரு ஆளுக்கு மூன்று பட்டன்தான் உண்டு. ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2இன் மூன்று உதைகளுக்கும் தனி வயர்க்கட்டு இழுக்க வேண்டியிருந்தது. சூப்பர் நின்டெண்டோவில் ஆறு பட்டன் இருந்ததால், கனமான குத்தும் உதையும் தோள் பட்டனுக்குப் போயின. சேகா மெகா டிரைவின் பழைய கொன்ட்ரோலரில் மூன்றே பட்டன். அதில் ஸ்டார்ட் பட்டனை அமத்திக் குத்துக்கும் உதைக்கும் மாறி மாறி விளையாட வேண்டும். 1993இல் ஆறு பட்டன் கொன்ட்ரோலர் வந்த பிறகுதான் அது ஒழுங்கானது.

சந்தையில் ‘டிவி கேம்’ என்று விற்ற 8 பிட் பெட்டிகளில் இருந்த சண்டை கேம்களை இந்தக் கணக்கில் சேர்க்கவே வேண்டாம். ஆர்கேட் கேமின் பெயரையும் முகத்தையும் எடுத்துப் புதிதாக எழுதியவை அவை. இரண்டு பட்டன்தான். ஒரே வரியில் எட்டுச் சிறுபடத் துண்டுகளுக்கு மேல் காட்ட முடியாத சிப் என்பதால், ஆட்கள் கிட்ட வந்தால் கால் கை மினுங்கும். அது பழுது அல்ல, சிப்பின் எல்லை.

சீடி காலத்தில் பிரச்சினை இடம் மாறியது. சீடியில் இடம் தாராளம், கொன்சோலின் நினைவகத்தில்தான் இடம் இல்லை. ஆர்கேட் போட்டில் எல்லாப் படமும் சிப்பிலேயே கிடக்கும், தேவைப்பட்ட கணத்தில் எடுக்கலாம். கிங் ஒஃப் ஃபைட்டர்ஸ் 97 கேமின், நியோ ஜியோ என்ற ஆர்கேட் மெஷினுக்கான கசெட்டில் படங்களுக்கு மட்டும் 40 மெகாபைட். முதலாவது பிளேஸ்டேஷனிலோ பொது நினைவகம் 2 மெகாபைட், படத்துக்கு 1 மெகாபைட். ஆகவே அசைவுப் படங்களைக் குறைத்தார்கள். நியோ ஜியோவின் வீட்டு வகையான நியோ ஜியோ சீடியில் நினைவகம் 7 மெகாபைட், ஆனால் டிரைவ் செக்கனுக்கு 150 கிலோபைட்தான் வாசிக்கும். முழுவதும் நிரப்ப 48 செக்கன் அளவு பிடிக்கும். அந்த மெஷினில் ஒவ்வொரு சுற்றுக்கும் முன்னால் வரும் நீண்ட காத்திருப்புக்கு இதுதான் கணக்கு.

மிகத் தெளிவான உதாரணம் எக்ஸ்-மென் வெர்சஸ் ஸ்ட்ரீட் ஃபைட்டர். நடுச்சண்டையில் ஆள் மாற்றுவதே அந்தக் கேமின் உயிர். சேகா சாட்டர்னில் 4 மெகாபைட் மேலதிக நினைவகக் கசெட் குத்தியதால் ஆள் மாற்றம் தப்பியது. பிளேஸ்டேஷனில் நான்கு ஆட்களை ஒரே நேரம் நினைவகத்தில் வைக்க வழியில்லை, அதனால் ஆள் மாற்றத்தையே எடுத்துவிட்டார்கள்.

டெக்கன் இதில் விதிவிலக்கு. நாம்கோவின் சிஸ்டம் 11 போட் பிளேஸ்டேஷனின் வன்பொருளை அடிப்படையாக வைத்தே செய்யப்பட்டது. அதனால் 1994இல் ஆர்கேட்டில் வந்த முதலாவது டெக்கன், 1995இல் ஏறக்குறைய சிதையாமல் வீட்டுக்கு வந்தது. டெக்கன் 3 ஓடியது அதைவிட வேகமான சிஸ்டம் 12இல். 1998இல் பிளேஸ்டேஷனுக்கு வந்தபோது முப்பரிமாணப் பின்னணிகள் தட்டைப் படங்களாகின. சண்டையின் வேகம் 60 ஃபிரேமாகவே காப்பாற்றப்பட்டது. எதைப் பலி கொடுக்கலாம், எதைக் கொடுக்கக்கூடாது என்று தெரிந்தவர்கள் செய்த முடிவு அது.

வேகம்: நம் ஊர் டிவியும் 50 ஹேர்ட்ஸும்

இலங்கையில் டிவி ஒளிபரப்பு பால் (PAL) முறை: செக்கனுக்கு 50 புலம் (திரையை ஒரு தடவை வரைவது), 625 வரி. ஜப்பானும் அமெரிக்காவும் பாவித்தது என்டிஎஸ்சி: 60 புலம், 525 வரி. கேம்கள் எழுதப்பட்டது 60க்கு. பால் கொன்சோலுக்கு மாற்றும்போது கேமின் கடிகாரத்தைத் திருத்தி எழுதாமல் விட்டால் இரண்டு விளைவு.

1. 60 ஃபிரேம் வேலை 50இல் நடக்கும். ஆறில் ஒரு பங்கு, அதாவது 16.7 வீதம் மெதுவாகும். சில கேம்களில் பாட்டும் இழுபடும்.
2. வரி அதிகமுள்ள திரையில் குறைந்த வரிப் படம் வரையப்படுவதால் மேலும் கீழும் கறுப்புப் பட்டி விழும், ஆட்கள் சப்பையாகத் தெரிவார்கள்.

ஆகவே இப்படித் திருத்தாத பால் பதிப்பில் பழகிய ஒருவர் ஆர்கேட் பதிப்பை எமுலேட்டரில் திறந்ததும் ‘இது ஓவர் ஸ்பீட்’ என்பார். உண்மையில் அவர் பழகியதுதான் மெதுவானது. இதற்காக எமுலேட்டரின் வேகத்தை 83 வீதத்துக்கு இறக்கி வைத்து விளையாடுபவர்களும் உண்டு. அது அவரவர் விருப்பம், ஆனால் மற்றவர்களோடு மோதும்போது உதவாது.

வேறு நாட்டுச் சீடியையும் ஓட வைக்கும் மொட் சிப் போட்ட பால் பிளேஸ்டேஷனில் அமெரிக்க, ஜப்பான் சீடி போட்டதும் படம் கறுப்பு வெள்ளையாக வந்தது பலருக்கு நினைவிருக்கும். அப்போது கேம் சரியான 60இல்தான் ஓடுகிறது. நிறத்தைச் சுமக்கும் அலைதான் டிவி எதிர்பார்க்கும் 4.43 மெகாஹேர்ட்ஸில் வருவதில்லை. மல்டி சிஸ்டம் என்று எழுதிய பெட்டி டிவி என்றால் மெனுவில் நிற முறையை என்டிஎஸ்சிக்கு மாற்றினால் சிலவேளை நிறம் வரும்.

எமுலேட்டரிலும் வேகக் கோளாறு உண்டு, ஆனால் நுணுக்கமானது. ஆர்கேட் போட்டுகள் சரியாக 60இல் ஓடுவதில்லை. சீபீஎஸ்-1 59.64 ஹேர்ட்ஸ், நியோ ஜியோ 59.19, மோர்ட்டல் கொம்பாட் 54.7. லெப்டொப் திரை 60. நியோ ஜியோவை 60க்கு இழுத்தால் 1.4 வீதம்தான் கூடும், யாருக்கும் தெரியாது. மோர்ட்டல் கொம்பாட்டை இழுத்தால் ஏறக்குறைய 10 வீதம் வேகமாகும். இழுக்காமல் விட்டால் செக்கனுக்கு ஐந்து ஃபிரேம் இரட்டிப்பாகி, திரை நகரும்போது சிறு உதறல் தெரியும். புதுப்பிப்பு வேகம் மாறக்கூடிய மொனிட்டரில் இந்தச் சிக்கலே இல்லை. சாதாரண மொனிட்டரில் உதறலைச் சகித்துக்கொள்வது மேல். உதறலுக்குக் கண் பழகும், மாறிய வேகத்துக்குப் பழகிய கை பிறகு திரும்பாது.

பிந்தல்: சங்கிலியில் எந்தக் கண்ணி?

விரல் பட்டனை அமத்தியதிலிருந்து திரையில் ஆள் அசையும் வரை செய்தி ஒரு சங்கிலி வழியாகப் போகிறது. ஒவ்வொரு கண்ணியும் தன் பங்கைச் சேர்க்கும்.

1. கொன்ட்ரோலர். சாதாரண யூஎஸ்பி கொன்ட்ரோலரைக் கணினி செக்கனுக்கு 125 தடவை கேட்கும். அதிகபட்சம் 8 மில்லி செக்கன், சராசரி 4. புளூடூத்தில் இதைவிடக் கூடும், அதோடு ஒரே அளவாகவும் இராது.
2. கேம். பட்டனை வாசித்த அதே ஃபிரேமில் அசைவைக் காட்டும் கேம் குறைவு. ஆர்கேட் போட்டிலேயே இரண்டு மூன்று ஃபிரேம் இயல்பாகப் போகும். இது கேமின் குணம், பழுதல்ல.
3. எமுலேட்டரும் கிராஃபிக்ஸ் டிரைவரும். படம் கிழியாமல் இருக்க, அதைத் திரையின் வேகத்தோடு பொருத்தும் வீ-சிங்க் போட்டால், டிரைவர் ஒன்றிலிருந்து மூன்று ஃபிரேம் வரை வரிசையில் வைத்து அனுப்பும். 16 முதல் 50 மில்லி செக்கன்.
4. திரை. பெரும்பாலும் கொள்ளை போவது இங்கேதான். புது டிவிகள் படத்தைப் பெருப்பித்து, கூர்மையாக்கி, நடுவில் இல்லாத ஃபிரேம்களைத் தாமே செய்து சேர்த்த பிறகுதான் காட்டும். அதற்கு 50 முதல் 100 மில்லி செக்கனுக்கு மேலும் போகலாம். கேம் மோட் போட்டால் அநேகமான டிவிகளில் இது 10 முதல் 30க்குள் இறங்கும்.

எனவே முதல் வேலை புதுக் கொன்ட்ரோலர் வாங்குவது அல்ல, டிவி மெனுவில் கேம் மோடைத் தேடுவது. சில டிவிகளில் அது எச்டிஎம்ஐ வழிக்கு மட்டும்தான் வேலை செய்யும். மஞ்சள், வெள்ளை, சிவப்பு ஏவி வயரில் வரும் பழைய கொன்சோலுக்கு அது கிடைக்காது.

பழைய கொன்சோலுக்கு இன்னொரு பொறியும் உண்டு. அது அனுப்புவது 240 வரி முழுப்படம். புது டிவிகளில் பல அதை 480 வரிப் பின்னல் படம் (ஒரு வரி விட்டு ஒரு வரியாக இரு தடவையில் வரைவது) என்று தவறாக எடுத்து, இரண்டு இரண்டு ஃபிரேமாகச் சேர்த்துப் பின்னலை அவிழ்க்கப் பார்க்கும். அதனால் பிந்தல் கூடும், அசைவின் ஓரங்கள் சீப்புப் பல் மாதிரித் தெரியும். அக்காலக் கேம்கள் ஆளின் நிழலை ஒரு ஃபிரேம் விட்டு ஒரு ஃபிரேம் காட்டித்தான் மெல்லிய நிழல்போலத் தோன்றச் செய்தன. இந்தத் தவறால் நிழல் முழுதாக மறையும், அல்லது கட்டிக் கறுப்பாக நிற்கும். நிழல் காணாமல் போனால் உங்கள் டிவி இந்தப் பிழையைச் செய்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம். மலிவான ஏவி - எச்டிஎம்ஐ மாற்றிகளும் பெரும்பாலும் இதையே செய்யும். நல்ல மருந்து வீட்டு மூலையில் கிடக்கும் பெட்டி டிவிதான். சிக்னல் வர வர வரைவதால் அதில் சேர்த்துவைக்கும் தாமதம் கிட்டத்தட்ட இல்லை.

அளந்து பார்ப்பது எப்படி? போனில் செக்கனுக்கு 240 படம் எடுக்கும் ஸ்லோ மோஷன் இருந்தால் போதும். விரலும் திரையும் ஒன்றாகத் தெரிய வைத்துப் பட்டனைத் தட்டிப் பதிவு செய்யுங்கள். பட்டன் அடிமட்டம் தொட்ட படத்திலிருந்து ஆள் முதலில் அசையும் படம் வரை எண்ணி 4.17ஆல் பெருக்குங்கள். 30 படம் என்றால் 125 மில்லி செக்கன், கேமின் கணக்கில் ஏழரை ஃபிரேம். ஒரே தடவையை நம்பாமல் பத்துத் தடவை எடுத்துச் சராசரி பாருங்கள். பிறகு ஒன்றை மட்டும் மாற்றித் திரும்ப அளந்து பாருங்கள். இரண்டை ஒன்றாக மாற்றினால் எது உதவியது என்று தெரியாது.

எமுலேட்டர் பக்கத்தில் செய்யக்கூடியது ரன்-அஹெட். பல எமுலேட்டர்களை ஒன்றாக ஓட்டும் ரெட்ரோஆர்ச் மென்பொருளில் 2018இல் வந்த வசதி. கேம் இயல்பாகவே இரண்டு ஃபிரேம் பிந்துமானால், எமுலேட்டர் அந்த ஃபிரேம்களை மறைவில் ஓட்டி, விளைவைக் காட்டிவிட்டு, நிலையைப் பின்னுக்குக் கொண்டுவரும். அளவு பிடிக்கும் முறை இது:

1. கேமில் ஆள் சும்மா நிற்கும்போது கீபோர்டில் பீ எழுத்தை அமத்தி நிறுத்துங்கள்.
2. குத்துப் பட்டனை அமத்திப் பிடித்தபடி கே எழுத்தால் ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்துங்கள்.
3. எத்தனையாவது தட்டில் ஆள் அசைகிறாரோ, அதில் ஒன்றைக் கழித்த எண்தான் ரன்-அஹெட் அளவு.

அதற்கு மேல் வைத்தால் அசைவின் முதல் படம் விழுங்கப்பட்டு ஆள் துள்ளுவார். கணினியின் வேலையும் கூடும். பழைய டூவல் கோர் மெஷினில் ஒலி வெடித்தால் அளவை 1க்கு இறக்குங்கள்.

படத்தை 16:9க்கு இழுத்து நிரப்பும் பழக்கத்தையும் விட வேண்டும். இது பிந்தல் அல்ல, ஆனால் பாய்ச்சலின் தூரம் கண்ணுக்குப் பிழையாகும். 4:3இல் வையுங்கள்.

ரொம் கோப்பு ஏன் ஓட மறுக்கிறது?

எமுலேட்டர் ஒரு போட்டின் பாவனை. ரொம் கோப்பு அந்தப் போட்டில் இருந்த சிப்புகளின் பிரதிகளை ஒரு பையில் கட்டியது. அதனால்தான் ஸிப்பை அவிழ்க்கக்கூடாது, பெயரையும் மாற்றக்கூடாது. எமுலேட்டர் ஒவ்வொரு சிப்பின் பிரதியையும் பெயராலும் கூட்டெண்ணாலும் சரிபார்க்கும்.

‘கோப்பு இல்லை’ என்ற செய்தி வந்தால் அநேகமாக இவற்றில் ஒன்று:

1. நியோ ஜியோ கேமுக்குப் பயோஸ் (மெஷினைத் தொடக்கிவைக்கும் அடிப்படை நிரல்) கோப்புத் தேவை. கேமோடு அதே ஃபோல்டரில் தனி ஸிப்பாக இருக்க வேண்டும்.
2. தாய், பிள்ளைப் பதிப்பு. ஜப்பான் பதிப்பு என்பது உலகப் பதிப்பிலிருந்து வேறுபடும் சில சிப்புகளை மட்டும் கொண்ட சிறிய ஸிப்பாக இருக்கலாம். தாய்க் கோப்பு இல்லாமல் பிள்ளை ஓடாது.
3. பதிப்புப் பொருத்தம். 1997 பெப்ரவரியில் வந்த மேம் எமுலேட்டர் இன்றுவரை திருத்தப்படுகிறது. புதிதாகச் சரியான சிப் பிரதி கிடைத்தால் பட்டியலும் மாறும். ரெட்ரோஆர்ச்சில் உள்ள மேம் 2003 கோர் (உள்ளே ஓடும் எமுலேட்டர்) எதிர்பார்ப்பது மேமின் 0.78 பதிப்புக்கான ரொம் தொகுதியை. ஃபைனல்பேர்ன் நியோ என்ற இன்னொரு எமுலேட்டர் எதிர்பார்ப்பது தன் அண்மைத் தொகுதியை. ஒன்றுக்கு ஓடியது மற்றதற்கு ஓடாமல் போனால் கோப்புப் பழுது என்று அர்த்தமில்லை.

சண்டை கேம் மட்டும்தான் நோக்கம் என்றால் ஃபைனல்பேர்ன் நியோ போதும். சீபீஎஸ்-1, சீபீஎஸ்-2, நியோ ஜியோ மூன்றும் ராஸ்பெரி பை 3 என்ற சிறு கணினியிலேயே முழு வேகத்தில் ஓடும். பைக்கு 5 வோல்ட், 2.5 அம்பியர் கொடுக்கும் நல்ல அடப்டர் முக்கியம். போன் சார்ஜரில் போட்டு, மின்னழுத்தம் இறங்கி, வேகம் குறைந்ததற்கு எமுலேட்டரைத் திட்டுவது வழமை.

சீபீஎஸ்-2 பற்றி ஓர் இடைக்குறிப்பு. அந்தப் போட்டில் கேம் நிரலைப் பூட்டும் மறைகுறியின் சாவியைக் காக்க ஒரு பற்றறி இருந்தது. பற்றறி செத்தால் போட்டும் சாகும். 2007இல் அந்த மறைகுறி முழுதாக அவிழ்க்கப்பட்ட பிறகுதான் இந்தக் கேம்கள் போட்டின் ஆயுளைத் தாண்டி நிற்கும் நிலை வந்தது.

ஒரே கீபோர்டில் இரண்டு பேர்

மலிவான கீபோர்டில் வயர்கள் வரிசையும் நிரலுமாக ஓடுகின்றன. சில மூன்று எழுத்துச் சேர்க்கைகளை அது பிரித்தறியாது. இரண்டு பேர் அமத்தும்போது ஒருவரின் உதை காணாமல் போவது இதனால். நோட்பேடைத் திறந்து இருவரின் எழுத்துகளையும் ஒன்றாக அமத்திப் பாருங்கள். எல்லாம் விழாவிட்டால் ஒருவர் யூஎஸ்பி கொன்ட்ரோலருக்கு மாறுவதே வழி. இன்னொன்று: ஆர்கேட் லீவரில் இடமும் வலமும் ஒரே நேரம் விழாது, கீபோர்டில் விழும். பின்னால் பிடித்துச் சக்தி சேர்க்கும் கைல் போன்ற ஆளுக்கு அது கள்ள வழி. எமுலேட்டரில் எதிர்த்திசைகளை ஒன்றாக ஏற்காமல் தடுக்கும் தெரிவு இருந்தால் போட்டுவிடுங்கள்.

தச்சரிடம் பெட்டி செய்து ஸ்டிக் கட்டுவோருக்கு அளவுகள்: பெரிய பட்டனுக்கு 30 மில்லிமீற்றர், ஸ்டார்ட்டுக்கு 24 மில்லிமீற்றர் துளை. ஒரு ஆளுக்கு ஆறு பட்டனோடு ஸ்டார்ட், கொயின் என எட்டு, ஒரு லீவர், இவற்றைக் கணினியோடு இணைக்கும் ஒரு யூஎஸ்பி போட். அழுத்திப் பொருத்தும் கிளிப் பட்டன்கள் மெல்லிய தகட்டைத்தான் கவ்வும். அரை அங்குலப் பலகையில் கழன்று வரும், அதற்குத் திருகுமரை உள்ளதை வாங்க வேண்டும். வயர் நுனியும் இரண்டு வகை: சன்வா மாதிரிப் பட்டன்களுக்கு 2.8 மில்லிமீற்றர், பெரிய மைக்ரோசுவிட்ச்சுக்கு 4.8. பிழையானதை வாங்கிவிட்டு நுனியை நசுக்கிப் பொருத்தினால் சில மாதத்தில் தளரும். ‘சீரோ டிலே’ என்பது அந்தப் போட்டின் விற்பனைப் பெயர், அளந்த எண் அல்ல.

உப்புக்காற்றும் கரண்டும்

கல்லடி, காத்தான்குடி, கல்முனை, அக்கரைப்பற்று என்று கடலோரமாக இருக்கும் வீடுகளில் இந்தச் சாமான்களின் முதல் எதிரி உப்புக்காற்று. கசெட்டின் பித்தளை நிறப் பற்களில் பச்சை படிந்தால் படம் கலங்கும். வாயால் ஊதக்கூடாது, எச்சில் ஈரம் அரிப்பைக் கூட்டும். 90 வீதத்துக்கு மேற்பட்ட ஐசோபுரோப்பைல் அல்கஹோலில் காதுப்பஞ்சுக் குச்சியை நனைத்துத் துடைத்து, காய்ந்த பிறகு குத்துங்கள். கொன்ட்ரோலர் உள்ளே இருக்கும் ரப்பரின் கறுப்புக் காபன் புள்ளியை மென்மையாக மட்டும் துடையுங்கள். உரசினால் காபன் போய்விடும், பிறகு பட்டன் கல்லாகும். மாரி காலத்தில் சீடிகளையும் கொன்சோலையும் சிலிக்கா ஜெல் பைகளோடு மூடிய பிளாஸ்டிக் பெட்டியில் வைத்தால் வில்லையில் பூஞ்சணம் பிடிக்காது.

முதலாவது பிளேஸ்டேஷனைத் தலைகீழாக வைத்தால் ஓடுகிறது என்றால், வில்லையைச் சுமக்கும் பிளாஸ்டிக் தண்டவாளம் தேய்ந்து லேசர் சரிந்திருக்கிறது. தலைகீழ் வைத்தியம் கொஞ்ச நாளைக்குத்தான்.

ஜப்பானிலிருந்து வந்த பாவித்த கொன்சோல் என்றால் பின்பக்க ஒட்டியை வாசிக்காமல் பிளக்கில் குத்தாதீர்கள். 100 வோல்ட் என்று மட்டும் எழுதியிருந்தால் நம் 230 வோல்ட்டில் ஒரு நொடி போதும், மின்வழங்கி கருகும். ஒட்டியில் உள்ள வொட் அளவின் இரு மடங்கு தாங்கும் இறக்கு மின்மாற்றி வேண்டும். அடப்டர் மாற்றும்போது வோல்ட்டை மட்டும் பார்த்தால் போதாது. நடு ஊசி நேரா மறையா, வெளிவருவது ஏசியா டீசியா என்பதும் கொன்சோலுக்குக் கொன்சோல் வேறு.

கட்டாரில் இருக்கும் தம்பியோடு விளையாடலாமா?

கொழும்பிலிருந்து தோஹா நேர்கோட்டில் 3,600 கிலோமீற்றர் அளவு. கண்ணாடி இழையில் ஒளி செக்கனுக்கு ஏறக்குறைய 2 இலட்சம் கிலோமீற்றர் போகும். ஒரு வழிக்கே 18 மில்லி செக்கன், ஒரு ஃபிரேமுக்கு மேல். உண்மையான கேபிள் பாதை வளைந்து போவதால் இன்னும் கூடும். இதைக் குறைக்க எந்த மென்பொருளாலும் முடியாது, மறைக்கத்தான் முடியும்.

பழைய முறை, மற்றவரின் பட்டன் வந்து சேரும்வரை இருவர் கேமையும் காத்திருக்க வைக்கும். 2006இல் டோனி கேனன் எழுதிய ஜீஜீபீஓ என்ற இணைய விளையாட்டு மென்பொருள் வேறு வழி எடுத்தது: காத்திராமல், ‘மற்றவர் முன் ஃபிரேமில் பிடித்ததையே பிடித்திருக்கிறார்’ என்று ஊகித்து ஓடும். ஊகம் பிழைத்தால் பின்னுக்குப் போய்த் திருத்தி, ஒரே ஃபிரேமுக்குள் திரும்ப ஓட்டிக் காட்டும். பழைய சண்டை கேம்களை இணையத்தில் மோத விடும் ஃபைட்கேட் இந்த முறையில்தான் இயங்குகிறது. ஊகம் சிறிய தூரத்துக்குப் பிழைத்தால் கண்ணுக்குத் தெரியாது. பெரிதாகப் பிழைத்தால் எதிராளி ஓரிடத்திலிருந்து மற்ற இடத்துக்குத் தாவுவார்.

இங்கே பிங் எண் (செய்தி போய்த் திரும்பும் நேரம்) கூடுவதைவிட அது ஆடுவதுதான் மோசம். நிலையான 90 மில்லி செக்கனில் விளையாடலாம், 40க்கும் 160க்கும் இடையில் குதிக்கும் மொபைல் டேட்டாவில் முடியாது. வைஃபையை விட்டு ரவுட்டரிலிருந்து கேபிள் இழுங்கள். வீட்டில் வேறு யாரும் அந்த நேரம் வீடியோ பார்க்காமல் இருக்கட்டும்.

சட்டம் சொல்வது

எமுலேட்டர் வேறு, கேம் பிரதி வேறு. எமுலேட்டர் மென்பொருள் தன்னளவில் களவு அல்ல. 2000ஆம் ஆண்டு அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம், பிளேஸ்டேஷன் எமுலேட்டர் செய்த கொனெக்டிக்ஸ் நிறுவனத்துக்கு எதிராக சோனி தொடுத்த வழக்கில் இந்தப் பக்கமே நின்றது. கேமும் பயோஸும் பதிப்புரிமைக்கு உட்பட்டவை. இலங்கையில் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களையும் காக்கிறது. ‘பழசு, இப்ப விற்கிறதில்லை’ என்பதால் உரிமை தீர்ந்துவிடாது.

அதோடு, விற்கிறதில்லை என்பதும் இப்போது உண்மையில்லை. 2018இல் வந்த ஸ்ட்ரீட் ஃபைட்டர் 30ஆம் ஆண்டுத் தொகுப்பில் பன்னிரண்டு ஆர்கேட் கேம்கள் உண்டு. நியோ ஜியோ கேம்கள் 2017 முதல் தனித்தனியாகப் பல தளங்களில் கிடைக்கின்றன. பிளேஸ்டேஷன் 2 இன்னும் வேலை செய்யும் வீட்டில் டெக்கன் 5 தட்டு ஒன்று கிடந்தால் அதைப் போட்டு மெனுவைக் கிண்டிப் பாருங்கள். முதல் மூன்று டெக்கன்களின் ஆர்கேட் பதிப்புகளும் அதற்குள் இருக்கின்றன, மூன்றாவதின் முப்பரிமாணப் பின்னணிகளோடு.